இடிக்கொம்பை ஊதியவர் வெள்ளையன்

எங்கள் ஒலிப்பதிவாளர் சங்கத்தின் ஆண்டு மலருக்குக் கட்டுரை கேட்டு ஒரு தம்பி போன் செய்தார். "சார், 'பவளகிரி' சீரியலுக்கு இடிக்கொம்போட சத்தத்தை நீங்க எப்படி உருவாக்குனீங்கன்னு ஒரு நாலு பக்கம் எழுதித் தாங்க. இனிமையான நினைவுகளா இருக்கட்டும் சார்" என்றார். இனிமையாம்! அந்தக் கொம்பின் பெயரைக் கேட்டாலே இப்போதெல்லாம் எனக்கு வயிறு எரிகிறது. தம்பி நல்ல பிள்ளை, அவரைச் சொல்லிக் குற்றமில்லை. எல்லோரும் அப்படித்தான் நினைத்துக்கொண்டிருக்கிறார்கள். அதனால் முதலிலேயே போட்டு உடைத்துவிடுகிறேன். அந்தச் சத்தத்தை நான் உருவாக்கவில்லை. எவரும் ஸ்டுடியோவில் உட்கார்ந்து உருவாக்கவில்லை. அதை ஊதியவர் வெள்ளையன். ஜவ்வாது மலையில் புதூர்நாட்டுக்கும் மேலே இருக்கிற வேங்கைப்பட்டு என்கிற சின்ன ஊர்க்காரர். நான் மைக் வைத்தவன், அவ்வளவுதான்.

'பவளகிரி' பார்க்காதவர்களுக்காகக் கொஞ்சம் சொல்லிவிடுகிறேன். ஞாயிற்றுக்கிழமை காலையில் வந்த மாயாஜாலத் தொடர் அது. பவளத்தாலான ஒரு மலை, அதைச் சுற்றி ஒரு ராஜ்யம், மலையடியில் கல்லாகிக் கிடக்கும் ஒரு பெரும்படை. முன்னொரு காலத்தில் வானத்திலிருந்து விழுந்த இடி ஒன்று தரையில் இறுகி ஊதுகொம்பாகிவிட்டதாம். அதுதான் இடிக்கொம்பு. பொய் சொன்ன வாய் ஊதினால் சத்தமே வராது. பொய் சொல்லாதவன் ஊதினால் கல்லாய்க் கிடக்கிற வீரர்கள் உயிர் பெற்று எழுந்து வருவார்கள். அதைக் கைப்பற்ற ஐந்து ராஜாக்கள் வருடக்கணக்கில் அடித்துக்கொண்டார்கள். பிள்ளைகள் பழைய காலண்டர் தாளைச் சுருட்டி வாயில் வைத்துக்கொண்டு தெருத்தெருவாக ஊதித் திரிந்தார்கள். செல்போன் வந்த பிறகு பஸ்ஸில் ஏறினால் யாராவது ஒருவர் சட்டைப்பையிலிருந்து அந்தச் சத்தம் வரும்.

நான் படவேட்டுக்காரன். கரும்புத் தோட்டத்து வேலைக்குப் பயந்து பாலிடெக்னிக் படித்தேன். சென்னையில் ஒரு ஸ்டுடியோவில் சேர்ந்து சில வருடங்கள் கேபிள் சுருட்டினேன், டீ வாங்கினேன், திட்டும் வாங்கினேன். அதையெல்லாம் விரித்து எழுதி உங்கள் உயிரை வாங்க மாட்டேன். தாமோதரன் சாரிடம் உதவியாளராக வந்த பிறகுதான் எனக்குக் காது முளைத்தது.

தாமோதரன் சார் எங்கள் தலைமை ஒலிப்பதிவாளர். குள்ளமான மனிதர், குரல் உயர்ந்து நான் கேட்டதில்லை. அவர் வாயிலிருந்து வருகிற ஆகக் கடுமையான வசவு "அப்படியா?" என்பதுதான். "லெவல் சரியா இருக்கு சார்" என்று சொன்னால், தலையைத் தூக்காமல் "அப்படியா?" என்பார். உடனே நமக்கு வியர்த்துவிடும், ஓடிப்போய் மறுபடி பார்ப்போம், நிச்சயம் சரியாக இருக்காது. பதிவு ஆரம்பிக்கும் முன் எல்லோரும் கைக்கடிகாரம், சாவி, சில்லறை அத்தனையையும் கழற்றி வெளியே ஒரு எவர்சில்வர் குண்டானில் போட்டுவிட வேண்டும். பெரிய பின்னணிப் பாடகர் ஒருவரைக் கஞ்சி போட்ட சட்டை சரசரக்கிறது என்று வீட்டுக்கு அனுப்பி மாற்றி வரச் சொன்னார். அவரும் முணுமுணுக்காமல் போய் மாற்றி வந்தார்.

வெளியூரில் பதிவு செய்யப் போனால் அவரிடம் இரண்டு வழக்கம் உண்டு. முதலில் யாரும் பேசாமல் அந்த இடத்தின் அமைதியைக் கொஞ்ச நேரம் பதிவு செய்ய வேண்டும். பிறகு வெட்டி ஒட்டும்போது அடியில் போட அந்த ஊர் அமைதிதான் வேண்டும், வேறு ஊர் அமைதி ஒட்டாது என்பார். அடுத்து, பாடுகிறவரோ வாசிக்கிறவரோ தன் பேரையும் ஊரையும் தன் வாயாலேயே டேப்பில் சொல்ல வேண்டும். ஏன் சார் என்று ஒருமுறை கேட்டேன். "நாளைக்கு இது யாருன்னு யாராவது கேட்டா நாம சொல்ல வேண்டியதில்லை பாரு, அவரே சொல்லிடுவாரு" என்றார்.

'பவளகிரி' டைரக்டர் எங்களைப் படுத்திய பாடு கொஞ்சமல்ல. சங்கை ஊதிக் காட்டினோம், கோயில் மாதிரி இருக்கிறது என்றார். கீபோர்டில் நூறு விதமாக வாசித்தார்கள், கல்யாண வீடு மாதிரி இருக்கிறது என்றார். குக்கர் விசிலை மெதுவாக்கினோம். லாரி ஹாரனைத் தலைகீழாக ஓட்டினோம். "எனக்குக் கல்லே எந்திரிக்கணும் சார்! கேக்குறவனுக்கு உக்காந்திருக்க முடியக்கூடாது" என்று மேசையைக் குத்தினார். தாமோதரன் சார் கண்ணை மூடிக்கொண்டு கேட்டார். அப்போதுதான் நான் வாயைத் திறந்தேன். எங்கள் ஊர் ஆடித் திருவிழாவுக்கு மலையிலிருந்து இறங்கி வந்து ஒருவர் கொம்பு ஊதுவார், அவர் ஊதினால் எங்கள் வீட்டு மாடு கட்டுத்தறியில் நிற்காது என்றேன். "அப்படியா?" என்றார் சார். அந்த ஒருமுறைதான் அது வசவாக இல்லை.

திருப்பத்தூர் வரை வேனில் போய், அங்கிருந்து ஜீப்பில் ஏறினோம். புளிமூட்டைகளுக்கு நடுவே மைக் பெட்டியை மடியில் வைத்துக்கொண்டு சார் உட்கார்ந்திருந்தார். வேங்கைப்பட்டில் வெள்ளையன் களத்தில் சாமை அடித்துக்கொண்டிருந்தார். ஒல்லி உடம்பு, அகலமான நெஞ்சு. விஷயத்தைச் சொன்னோம். துண்டால் முகத்தைத் துடைத்துக்கொண்டு கேட்டார்.

"ஊதலாம் சார். இன்னாத்துக்கு ஊதணும்?"

"பதிவு பண்ணத்தான்" என்றேன்.

"அது சரி, இன்னாத்துக்கு? சாவுக்கு ஊதறது வேற. சாமி பொறப்பாட்டுக்கு வேற. இப்ப சாவும் இல்ல, சாமியும் வெளிய வரல. சும்மா ஊதுனா ஊரு ஓடியாந்துடும். வந்து எவன் செத்தான்னு கேட்டா, சென்னைக்காரரு கேட்டாருன்னு சொல்ல முடியுமா?"

நான் கெஞ்ச ஆரம்பித்தேன். சார் என் கையைத் தொட்டு நிறுத்தினார். "எந்த நாளும் ஊதலாம்னு ஒண்ணும் இல்லீங்களா?" என்று கேட்டார்.

வெள்ளையன் யோசித்தார். அவர் மனைவி காசியம்மா முறத்தை வைத்துவிட்டு, "ஏன், சோத்துக்கு ஊதறது இருக்குதே" என்றார். திருவிழாவிலும் கல்யாணத்திலும் சமையல் முடிந்ததும் காட்டிலும் மேட்டிலும் இருக்கிறவர்களைப் பந்திக்கு அழைக்க ஒரு கொம்பு உண்டாம். அதற்கு நாள் பார்க்க வேண்டாம், யாருக்கும் கெடுதல் இல்லை.

"அதையே ஊதுங்க" என்றேன் நான் அவசரமாக.

"ஊதறேன். சோறு எங்க?" என்றார் வெள்ளையன்.

அவர் கிண்டல் செய்யவில்லை. அந்தக் கொம்பை ஊதினால் சோறு இருக்க வேண்டும். சோறில்லாமல் ஊதினால் அது ஊரையே கூப்பிட்டு வைத்து அவமானப்படுத்துகிற பொய். இதுவரை எவரும் அப்படி ஊதியதில்லை, தானும் ஊத மாட்டேன் என்றார். வேறு ஆளாக இருந்தால் ஜீப்பைத் திருப்பச் சொல்லியிருப்பார். சார் சட்டைக் கையை மடக்கிக்கொண்டு, "அப்ப சமைச்சிடுவோம்" என்றார். காசியம்மாவும் பக்கத்து வீட்டுப் பெண்களும் பெரிய அண்டாவில் சாமைச் சோறு வடித்தார்கள். மொச்சை போட்டுப் புளிக்குழம்பு. நான் விறகு சுமந்தேன். தலைமை ஒலிப்பதிவாளர் வெங்காயம் உரித்தார்.

சோறு வேகிற நேரத்தில் சார் இடம் பார்த்தார். கொம்புக்கு நேர் எதிரே மைக் வைத்தால் மைக் செத்துவிடும். ஊதும்போது அவர் உடம்பைத் திருப்புவாரா என்று கேட்டு, சும்மா நடித்துக் காட்டச் சொல்லி, பக்கவாட்டில் ஒரு ஆள் தூரம் தள்ளி ஒன்றை வைத்தோம். எதிரே இருந்த பாறைச் சரிவில் சத்தம் பட்டுத் திரும்பும் என்று அங்கே இன்னொன்று. மலைக்காற்று மைக்கில் உரசாமல் இருக்கப் பஞ்சு உறை, அதன் மேல் காசியம்மா கொடுத்த பழைய சேலைத் துணி. வெள்ளையன் கொம்பின் துண்டுகளை ஒன்றோடொன்று செருகி, பொருத்துகளில் தேன்மெழுகு தேய்த்து, உள்ளே கொஞ்சம் தண்ணீர் விட்டுக் குலுக்கிக் கொட்டினார். கோழிகளைக் கூடையில் கவிழ்த்தார்கள். ஊர் அமைதியைப் பதிவு செய்தோம். பிறகு வெள்ளையன் மைக்கைப் பார்த்து, போலீஸ்காரருக்குச் சொல்வது போல, "எம் பேரு வெள்ளையன், ஊரு வேங்கைப்பட்டு" என்றார். அண்டாவைத் திறந்து பார்த்துக் காசியம்மா தலையாட்டினார். வெள்ளையன் ஊதினார்.

அடியில் ஒரு உறுமல், அது நெஞ்சுக்குள் ஏறி, மேலே போய் இரண்டாக உடைந்து, உடைந்த இடத்தில் ஒரு கரகரப்பு. பாறை அதை வாங்கித் திருப்பிக் கொடுத்தது. ஹெட்போன் போட்டிருந்த நான் என்னையறியாமல் எழுந்து நின்றிருக்கிறேன். சார் சொல்லித்தான் தெரியும்.

வழக்கம்போல் "இன்னொரு டேக் எடுத்துக்கலாம்" என்றேன். வெள்ளையன் கொம்பைக் கழற்ற ஆரம்பித்துவிட்டார். "கூப்ட்டாச்சு, வர்றாங்க பாரு. வந்தவங்கள இன்னொரு வாட்டி கூப்புடுவியா நீ?" என்றார். பார்த்தேன். காட்டிலிருந்தும் வரப்பிலிருந்தும் ஆட்கள் கையைத் துடைத்துக்கொண்டு வந்துகொண்டிருந்தார்கள். இன்னா விசேஷம் என்று ஒருவரும் கேட்கவில்லை. உட்கார்ந்தார்கள், சாப்பிட்டார்கள். நாங்களும் சாப்பிட்டோம். ஒரே ஒரு டேக். அதுதான் தமிழ்நாடு முழுக்கக் கேட்ட இடிக்கொம்பு.

தொடர் வந்தபோது வேங்கைப்பட்டே சிரித்தது. புதூர்நாட்டில் டிவி இருந்த ஒரு டீக்கடையில் கூட்டமாகப் போய்ப் பார்த்தார்களாம். கதாநாயகன் கொம்பை உயர்த்துகிறான், மின்னல் வெட்டுகிறது, செத்த படை கல்லைப் பிளந்துகொண்டு வருகிறது, இவர்களுக்கோ பந்திக்கு அழைப்பு கேட்கிறது. "செத்தவன் கூட சோத்துக்குத்தான் எந்திரிக்கிறான் பாரு" என்று வெள்ளையன் சொல்ல, டீக்கடை அதிர்ந்ததாம். அவரே ஒருமுறை திருவிழாவுக்கு இறங்கி வந்தபோது என்னிடம் சொல்லிக் கண்ணில் நீர் வரச் சிரித்தார்.

எனக்கு அப்போதே சிரிப்பு வரவில்லை. தொடரின் முடிவில் ஓடும் பெயர்களில் டிரைவர் பெயர் இருந்தது, விக் வைத்தவர் பெயர் இருந்தது, வெள்ளையன் பெயர் இல்லை. தாமோதரன் சார் தயாரிப்பாளரிடம் போய்க் கேட்டார். "மாயக் கொம்புன்னு சொல்லிட்டு ஊதுனவன் பேரைப் போட்டா மாயம் போயிடும் சார்" என்றாராம் அந்த மனிதர். "அப்படியா?" என்று கேட்டுவிட்டு வந்தார் சார். அந்தத் தொடர் முடிந்ததோடு அந்தக் கம்பெனிக்கு அவர் வேலை செய்யவில்லை. சில வருடங்களில் காலமாகிவிட்டார். நான் குடும்பஸ்தன், அங்கேயே இருந்து ஓய்வு பெற்று, படவேட்டுக்குத் திரும்பிவிட்டேன்.

இனி என் கோபத்துக்கான காரணம். வெள்ளையன் போன வருடம் இறந்துவிட்டார். அதற்கு முந்தைய ஊர்த் திருவிழாவில் அவர் பந்திக்கு ஊதியதை அவர் மகள் செல்வி போனில் வீடியோ எடுத்து, இணையத்தில் போட்டிருந்தாள். செல்வி புதூர்நாட்டில் தையல் கடை வைத்திருக்கிறாள். அந்தப் போன் மழையில் நனைந்து போய்விட்டது. தொடரில் இடியோடும் வாத்தியங்களோடும் கலந்து வந்ததை விட்டால், அவர் ஊதுவது பதிவாகி மிச்சமிருந்தது இணையத்தில் இருந்த அந்த ஒன்றுதான். காசியம்மா தினமும் சாயங்காலம் மகளிடம் கேட்டு அதைப் போடச் சொல்லிக் கேட்பாராம். ஒருநாள் செல்வி எனக்குப் போன் செய்தாள்.

"மாமா, அப்பா வீடியோவுல சத்தம் போய்டுச்சு. படம் ஓடுது, சத்தம் மட்டும் வரல. இந்த சவுண்டு வேற ஒருத்தருக்குச் சொந்தம்னு இங்கிலீஷ்ல எழுதிக் கீது."

சொந்தக்காரர் யார் என்று பார்த்தால், 'பவளகிரி' எடுத்த அதே கம்பெனி! ஒலியை ஒப்பிட்டுப் பார்க்கிற இயந்திரம் இரண்டும் ஒன்று என்று கண்டுபிடித்துவிட்டதாம். கண்டுபிடிக்காமல் என்ன செய்யும்? அதே ஆள், அதே கொம்பு, அதே அழைப்பு. தன் ஊரில், தன் கொம்பை, தன் மூச்சால் ஊதிய மனிதர் தன் சத்தத்தையே திருடிவிட்டாராம். அன்றைக்கு எனக்குச் சோறு இறங்கவில்லை.

சென்னைக்குப் போனேன். பழைய ஆட்கள் யாருமில்லை. சட்ட விஷயங்களைக் கவனிக்கிற இளைஞர் ஒருவர் எழுந்து நின்று கைகுலுக்கி, "சார், நீங்க லெஜண்ட் சார்! சின்ன வயசுல உங்க கொம்புக்குப் பயந்து கட்டிலுக்கு அடியில ஒளிஞ்சிருக்கேன்" என்றார். காபி வந்தது. நான் நடந்ததைச் சொன்னேன். அந்தச் சத்தம் எங்கே பதிவானது, யார் ஊதியது, சாட்சி நான்தான் என்று மார்தட்டிச் சொன்னேன். அவர் முகம் மலர்ந்தது.

"அப்ப நீங்க நம்ம கம்பெனி சம்பளத்துல போய்ப் பதிவு பண்ணியிருக்கீங்க. அப்ப அது கம்பெனிக்குத்தானே சார் சொந்தம்?"

என் சாட்சியே அவருக்கு வேலை செய்தது! காபி டம்ளரைத் தூக்கி அடிக்கலாமா என்று இருந்தது.

"ஊதுனவரு?" என்றேன்.

"அவருகிட்ட எழுதி வாங்குனீங்களா சார்?"

"அந்தக் காலத்துல யாரு எழுதி வாங்குனா? டேப்புல அவரே தன் பேரைச் சொல்லியிருக்காரே. போட்டுப் பாருங்க."

கம்ப்யூட்டரில் போட்டார். சரியாகக் கொம்பு உறுமுகிற இடத்தில் ஆரம்பித்தது. முன்னால் இருந்தது எங்கே என்று கேட்டேன். "அது நாய்ஸ் சார். டிஜிட்டலா மாத்தும்போதே க்ளீன் பண்ணிட்டாங்க. பழைய டேப்பெல்லாம் கழிச்சாச்சு" என்றார். ஒரு மனிதன் தன் பேரைச் சொன்னது இவர்களுக்கு நாய்ஸ்.

பிறகுதான் விஷயத்துக்கு வந்தார். 'பவளகிரி'யை வைத்து ஒரு கம்ப்யூட்டர் விளையாட்டு வரப்போகிறதாம். வெளிநாட்டுக் கம்பெனி இடிக்கொம்பின் சத்தம் எங்கிருந்து வந்தது என்று கேட்கிறதாம். எழுதி வாங்காத ஒரு ஆள் ஊதினார் என்றால் வியாபாரம் நின்றுவிடும். அதனால், அந்தச் சத்தத்தை ஸ்டுடியோவில் நானே கருவிகளை வைத்து உருவாக்கினேன் என்று எழுதிய காகிதத்தில் ஒரு கையெழுத்துப் போட வேண்டும். "நீங்க போட்டுட்டா, அந்த அம்மா வீடியோவை அன்னிக்கே விட்டுடுவோம் சார். எங்களுக்கும் மனசு இருக்குல்ல?" என்றார்.

பொய் சொன்ன வாய்க்குச் சத்தம் வராது என்று ஊர்ப் பிள்ளைகளுக்கெல்லாம் கதை விற்றவர்கள் என்னைப் பொய் சொல்லச் சொல்கிறார்கள்! வெள்ளையன் என்று ஒரு ஆளே இல்லை என்று நான் எழுதிக் கொடுத்தால், வெள்ளையன் பெண்டாட்டி வெள்ளையனைக் கேட்கலாம். "உங்க மனசை நீங்களே வெச்சிக்கங்க" என்று கத்தினேன். காகிதத்தை நாலாகக் கிழித்து மேசையில் போட்டேன். லெஜண்டாம், லெஜண்ட்! படியிறங்கி வரும்போது உள்ளே ஒரு பெருமிதம் இருந்தது. இதைக் காசியம்மாவிடம் நேரில் சொல்ல வேண்டும் என்று மறுநாளே மலையேறினேன்.

காசியம்மா வாசலில் புளி கொட்டை எடுத்துக்கொண்டிருந்தார். செல்வியும் இருந்தாள். நான் உட்கார்ந்து, நடந்ததையெல்லாம் ஏற்ற இறக்கத்தோடு சொன்னேன். காகிதத்தைக் கிழித்த இடத்தில் கையையும் ஆட்டிக் காட்டினேன். காசியம்மா முழுக்கக் கேட்டார்.

"கிழிச்சிப் போட்டுட்டியா?" என்றார்.

"பின்ன? வெள்ளையன் பேரை அழிக்க நான் கையெழுத்துப் போடுவேனா?"

"யாரைக் கேட்டுக் கிழிச்ச?"

எனக்குப் புரியவில்லை. அவர் புளியைத் தள்ளிவிட்டார்.

"ஏண்ணா, பேரு பேருன்றியே, அந்தப் பேரை வச்சி நான் இன்னா பண்றது? அவுரு பேரு எனக்குத் தெரியாதா? நாப்பது வருசம் குடுத்தனம் பண்ணவ நான். எனக்கு அவுரு ஊதறது வேணும். இப்ப கொழுந்தனாரு ஊதறாரு, நல்லாத்தான் ஊதறாரு. ஆனா அது அவுரு மூச்சி இல்ல. அவுரு மூச்சி அந்த டப்பாக்குள்ள மட்டுந்தான் கீது. அதத் தர்றேன்னு சொன்னவங்ககிட்ட நீ ரோசம் காட்டிட்டு வந்துட்ட. உனக்கு ரோசம், எனக்கு இன்னா?"

"அம்மா, மெதுவா" என்றாள் செல்வி.

"இன்னாடி மெதுவா? மூஞ்சி உப்பி உப்பி ஊதறாரு, ஒண்ணும் கேக்கல. தெனம் பாக்கறேன். குரல்வளைய யாரோ புடிச்சிக்கினு கீற மாதிரி கீது. பாக்க முடியல என்னால." முந்தானையால் முகத்தை மூடிக்கொண்டார். பிறகு மூடியபடியே சொன்னார்: "போய் போட்டுட்டு வா. பொய்தான? பாவம் எனக்கு வரட்டும்."

செவிட்டில் அறைந்தது போலிருந்தது. அத்தனை தூரம் பஸ்ஸிலும் ஜீப்பிலும் நான் சுமந்து வந்த பெருமிதம் எங்கே போனது என்று தெரியவில்லை. அந்த வீட்டில் என்ன வேண்டும் என்று நான் ஒரு வார்த்தை கேட்காமலேயே கிழித்திருக்கிறேன். அந்தக் கோபம் என் மேலேயும் வந்தது, ஆனால் அந்தக் கம்பெனி மேல் வந்த கோபத்தில் அது ஒரு மூலைக்குக் கூட ஆகாது. ஒரு விதவையின் காதையும் ஒரு இறந்தவனின் பேரையும் எதிரெதிரே நிறுத்தி, எது வேண்டும் என்று கேட்க இவர்களுக்கு யார் உரிமை கொடுத்தது?

மறுபடி சென்னை. அதே இளைஞர், அதே காபி. நான் குடிக்கவில்லை. "நல்ல முடிவு சார்" என்று பேனாவைத் திறந்து கொடுத்தார். 'மேற்படி ஒலியை ஏகாம்பரம் ஆகிய நான் முழுக்க முழுக்க என் சொந்த முயற்சியில் ஸ்டுடியோவில் உருவாக்கினேன்' என்று இருந்தது. மண்டி போட வைத்து அடித்திருந்தால்கூட எனக்கு இவ்வளவு வலித்திருக்காது. போட்டேன்.

சொன்னபடி சத்தத்தை விட்டார்கள். நான் அதற்குள் மலைக்குப் போய்விட்டேன். காசியம்மாவைக் கூப்பிடும் முன்பே செல்வியிடம், "முதல்ல அதை எறக்கு. உன் போன்ல ஒண்ணு, உன் சித்தப்பா போன்ல ஒண்ணு, என் போன்ல ஒண்ணு. பெரியாஸ்பத்திரி நர்ஸு உன் சிநேகிதி இருக்காளே, அவளுக்கும் அனுப்பு" என்றேன். அவள் எல்லாவற்றிலும் ஏற்றி முடித்து, ஒவ்வொன்றிலும் ஓடுகிறதா என்று பார்த்த பிறகுதான் அம்மாவைக் கூப்பிட்டாள்.

காசியம்மா போனை இரண்டு கையாலும் பிடித்துக்கொண்டு கேட்டார். அழுவார் என்று நினைத்தேன். அழவில்லை. மறுபடி போடச் சொன்னார். பிறகு திரையின் அடியைக் காட்டி, "இங்க இன்னாமோ புதுசா எழுதிக் கீதே, இன்னாடி அது?" என்றார்.

செல்வி என்னைப் பார்த்தாள். எனக்கு அங்கேயே பூமி பிளந்து விழுங்கிவிட்டால் தேவலை என்று இருந்தது. "படி" என்றேன்.

"ஒலி உருவாக்கம், ஏகாம்பரம்" என்று படித்தாள்.

காசியம்மா அந்த எழுத்தைப் பார்த்தார். பிறகு என்னைப் பார்த்தார். "எனக்கு வேண்டியது வந்துடுச்சி. அவங்க புடுங்கறதுக்கு இனிமே இங்க ஒண்ணும் இல்ல" என்றார். "உனக்குத்தான் ஆற மாட்டேன்னுது, மூஞ்சப் பாத்தாலே தெரியுது. போ அண்ணா. இப்பப் போய் எவ்ளோ வேணா கத்து."

அதற்காகத்தான் இந்தக் கட்டுரை. நான் போட்டது பொய்க் கையெழுத்து. வேங்கைப்பட்டு வெள்ளையன் ஊதினார், ஊருக்குச் சோறு ஆக்கி வைத்துவிட்டு ஊதினார், ஒரே முறை ஊதினார். இதை எழுதினால் என் மேல் வழக்குப் போடுவார்களாம். போடட்டும், கோர்ட்டிலும் இதையேதான் சொல்வேன். மலரை அச்சடிக்கிற தம்பிக்கு ஒரு வார்த்தை: கட்டுரைக்கு மேலே போட என் போட்டோ கேட்டிருந்தீர்கள். அனுப்பவில்லை. செல்வியிடம் அவள் அப்பா கொம்போடு நிற்கிற படம் இருக்கிறது, அதைக் கேட்டு வாங்கிப் போடுங்கள். கீழே பேர் போட மறந்துவிடாதீர்கள்.